அர்த்தத்திற்கு முன்னால் ஓர் அட்டவணை

சிந்து முத்திரைகளைப் படித்துவிட்டதாக அறிவித்தவர்கள் இதுவரை நூறு பேருக்கு மேல். ஒருவர் படித்ததை இன்னொருவர் ஒப்புக்கொண்டதில்லை. சம்ஸ்கிருதம், தமிழ், சுமேரியம், ஈஸ்டர் தீவின் எழுத்து என்று அவரவர் கொண்டுபோனதே அவரவருக்குத் திரும்பக் கிடைத்தது. இவர்களுக்கு நடுவே, எதையுமே படித்துச் சொல்லாத ஒரு நூல்தான் நிலைத்து நிற்கிறது என்பது என் கட்சி. ஐராவதம் மகாதேவன் தொகுத்து, இந்தியத் தொல்லியல் துறை 1977 இல் வெளியிட்ட சிந்து எழுத்துத் தொடரடைவைச் சொல்கிறேன். அதை நான் ஒரு விமர்சன நூலாகவே எண்ணுகிறேன்.

ஹரப்பா, மொகஞ்சதாரோ பற்றி மார்ஷல் உலகுக்கு அறிவித்தது 1924 இல். அதன்பின் அரை நூற்றாண்டு, குறிகள் அகழாய்வு அறிக்கைகளில் சிதறிக் கிடந்தன. 1970 இல் நேரு நினைவு நல்கை பெற்ற மகாதேவன், அதுவரை நிர்வாகக் கோப்புகளோடு பழகிய ஐ.ஏ.எஸ். அதிகாரி, பம்பாய் டாடா ஆராய்ச்சி நிலையத்தின் கம்ப்யூட்டரை நாடினார். 2,906 பொருள்கள், 3,573 வரிகள், 13,372 குறி நிகழ்வுகள், 417 தனிக் குறிகள். ஒவ்வொரு குறிக்கும் ஓர் எண்; அது எங்கே வருகிறது, முன்னும் பின்னும் எது நிற்கிறது என்ற கணக்கு. அவ்வளவுதான் நூல்.

ஆனால் 417 என்பது பூமியைத் தோண்டி எடுத்த எண் அல்ல. அது ஒரு தீர்மானம். மீன் ஒரு குறி; அதே மீனின் மேல் ஒரு கூரை போட்டால் அது வேறு குறியா, அதே குறியின் சாயலா? அஸ்கோ பர்ப்போலாவின் பட்டியலில் எண்ணிக்கை குறைகிறது. பிரையன் வெல்ஸின் பட்டியலில் அறுநூறைத் தாண்டுகிறது. கல்லும் கீறலும் மாறவில்லை. பார்க்கிற கண் மாறியிருக்கிறது.

ஓசூரில் பாங்கு கவுன்டரில் உட்கார்ந்திருக்கும் எனக்கு இது தத்துவப் பிரச்னையாகத் தோன்றுவதில்லை. தமிழ், தெலுங்கு, கன்னடம், இங்கிலீஷ் என்று நான்கு லிபிகளில் கையெழுத்துக்கள் வருகின்றன. எனக்குப் படிக்கத் தெரியாத லிபியிலுள்ளதையும் மாதிரிக் கையெழுத்தோடு ஒப்பிட்டு, இரண்டும் ஒன்று என்று நான்தான் தீர்மானிக்க வேண்டும். எந்த மனிதனும் இரண்டு முறை ஒரே மாதிரி கையெழுத்திடுவதில்லை. எந்தச் சுழிப்பு கை நடுக்கம், எந்தச் சுழிப்பு வேறு ஆள் என்று பிரித்துவிட முடியுமானால், என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமலேயே வேலை நடக்கும். அர்த்தத்துக்கு முந்திய அறிவு இது. தொடரடைவின் அறிவும் இந்த வகையைச் சேர்ந்ததே.

இந்த வறண்ட வேலை தந்தது கொஞ்சமல்ல. காலிபங்கன் பானையோட்டில் ஒரு கீறலின் மேல் அடுத்த கீறல் விழுந்திருக்கும் விதத்தைக் கொண்டு, எழுத்து வலமிருந்து இடம் போகிறது என்று பி.பி. லால் காட்டினார். அதை ஆயிரக்கணக்கான வரிகளில் சோதிக்கத் தொடரடைவு வழிசெய்தது. பத்தில் ஒரு பங்குக்கு மேல் ஒரே குறி, அதுவும் பெரும்பாலும் வரியின் இறுதியில். மகாதேவனுக்கு அது கைப்பிடியுள்ள ஜாடி, பர்ப்போலாவுக்கு மாட்டுத்தலை. ஜாடியோ மாடோ, அதன் இடம் மாறுவதில்லை.

நம் பக்கத்திலும் குறிகள் உண்டு. பெருங்கற்காலப் பானைகளின் கீறல்களுக்கும் ஹரப்பாக் குறிகளுக்கும் உள்ள ஒற்றுமையை 1960 இலேயே லால் எழுதினார். தமிழகத் தொல்லியல் துறைக்காக கா. ராஜனும் ர. சிவானந்தமும் செய்த ஆய்வு 2025 இல் வந்தது. 14,165 தமிழக ஓடுகள். 42 அடிப்படைக் குறிகள், 544 மாற்று வடிவங்கள், 1,521 கூட்டு வடிவங்கள். ஏறத்தாழ 60 சதவீதக் குறிகளுக்குச் சிந்துவில் இணை உண்டு என்கிறது அது. இணை என்பது உறவாகிவிடாது. அம்பும் கவையும் ஏணியும் உலகில் எங்கும் கீறப்படக்கூடியவை. அறுபதைக் கேட்டுக் கைதட்டுகிறவர்கள், 544 ஐ 42 க்குள் யார், எதைக் கொண்டு அடக்கினார்கள் என்று கேட்பதில்லை. அங்கேதான் விமர்சனம் தொடங்குகிறது.

2025 ஜனவரியில் தமிழக அரசு, சிந்து எழுத்தைப் புரியவைப்பவருக்குப் பத்து லட்சம் டாலர் பரிசு அறிவித்தது. பரிசு அர்த்தத்துக்கு, அட்டவணைக்கு அல்ல. இந்த ஆசையிலிருந்து மகாதேவனே தப்பவில்லை. 2006 இல் செம்பியன் கண்டியூர்க் கற்கோடரியின் நான்கு கீறல்களில் முதல் இரண்டைத் தம் பட்டியலின் 48, 342 ஆம் குறிகளாகக் கண்டு, முருகன் என்று படித்தார். அந்த வாசிப்பு சர்ச்சைக்குள்ளாயிற்று. 1977 இன் பட்டியலுக்குச் சேதமில்லை. 2004 இல் ஃபார்மர், ஸ்ப்ரோட், விட்ஸல் மூவரும் இது மொழியை எழுதும் எழுத்தே அல்ல என்று வாதாடியபோது, அதற்கும் மகாதேவனின் எண்ணிக்கைகளே பயன்பட்டன. எதிராளிக்கும் உதவுகிற நூல் நம் சூழலில் எத்தனை?

இந்த மாவட்டத்தின் மயிலாடும்பாறை, இரும்பின் காலத்தை கி.மு. 2172 க்குத் தள்ளியதாக 2022 இல் செய்தியாயிற்று. மல்லச்சந்திரத்துக் கற்திட்டைகளில் வெள்ளைக் கோட்டு உருவங்கள் இருக்கின்றன. இதே மாவட்டம்தான் கிரானைட்டை அறுத்துக் கப்பலேற்றுகிறது. அறுபட்ட பாறையில் இருந்த குறி எந்தப் பட்டியலிலும் எண் பெறாது. அர்த்தம் நூறு வருஷம் காத்திருக்கும், பாறை காத்திருக்காது.

இலக்கியத்திலும் இதே கதைதான். ஒரு கவிஞனிடம் ஒரு சொல் எத்தனை முறை, எந்த இடத்தில், எதன் அருகில் வருகிறது என்று பார்ப்பதற்கு முன்பே அவனுடைய தரிசனத்தை எழுதிவிடுகிறோம். எண்ணிப் பார்ப்பதைக் குமாஸ்தா வேலை என்று ஒதுக்கும் மேதைமை நம்மிடம் நிறையவே இருக்கிறது. குமாஸ்தாக்கள்தான் குறைவு.