வி.ஆர்.கிருஷ்ண ஐயர்: சிறைவாசிகளின் உரிமையை நிலைநாட்டிய நீதிபதி

உச்ச நீதிமன்ற முன்னாள் நீதிபதி வி.ஆர்.கிருஷ்ண ஐயர், 1915 நவம்பர் 15-ம் தேதி பாலக்காட்டில் பிறந்தார். தலச்சேரியில் வழக்கறிஞராக இருந்த அவர், கம்யூனிஸ்டுகளுக்குச் சட்ட உதவி அளித்ததாக 1948-ல் கைதாகிச் சிறை சென்றார். 1957-ல் இ.எம்.எஸ். நம்பூதிரிபாடு அமைச்சரவையில் சட்டம், சிறை உள்ளிட்ட துறைகளைக் கவனித்தார்.

1968-ல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதியான அவர், 1973 முதல் 1980 வரை உச்ச நீதிமன்றத்தில் பணியாற்றினார். இந்திரா காந்தியின் தேர்தல் வெற்றி செல்லாது என்ற தீர்ப்புக்கு, 1975 ஜூன் 24-ல் நிபந்தனையுடன் இடைக்காலத் தடை விதித்தார். மறுநாள் நெருக்கடி நிலை பிறப்பிக்கப்பட்டது.

சக கைதி சித்திரவதை செய்யப்படுவதாகத் திகார் சிறையிலிருந்து சுனில் பத்ரா எழுதிய கடிதத்தை உச்ச நீதிமன்றம் மனுவாக ஏற்றது. அவ்வழக்கில், சிறைக்குள்ளும் அடிப்படை உரிமைகள் உண்டு என அவரது அமர்வு தீர்ப்பளித்தது.

ஓய்வுக்குப் பின் கொச்சியில் வசித்த அவர், 2014 டிசம்பர் 4-ம் தேதி தமது 99-வது வயதில் காலமானார்.