வீட்டுக் கடனின் மொத்தச் செலவு

வீட்டுக் கடனின் மொத்தச் செலவு என்பது, வீடு வாங்கவோ கட்டவோ பெறப்படும் நீண்டகாலக் கடனை முழுவதும் தீர்க்கும் வரை கடன் பெற்றவர் செலுத்தும் அசல், வட்டி, கட்டணங்கள், காப்பீடு, தீர்வைகள் ஆகியவற்றின் கூட்டுத்தொகையைக் குறிக்கும். விளம்பரங்களில் பெரும்பாலும் ஆண்டு வட்டி வீதமும் மாதத் தவணையும் மட்டுமே முன்னிறுத்தப்படுகின்றன. இவ்விரண்டிலிருந்தும் மொத்தச் செலவை நேரடியாக ஊகிக்க இயலாது. 9 விழுக்காடு வட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பெறப்படும் 30 இலட்சம் ரூபாய்க் கடனுக்குத் திருப்பிச் செலுத்த வேண்டிய தொகை ஏறத்தாழ 64.78 இலட்சம் ரூபாய் ஆகும். இத்தொகையை வட்டி வீதத்தைக் காட்டிலும் கடன் நிலுவையில் இருக்கும் காலமே பல வேளைகளில் மிகுதியாக மாற்றுகிறது.

இக்கட்டுரை இந்தியாவில் வழங்கப்படும் வீட்டுக் கடன்களைப் பற்றியது. வேறு குறிப்பு இல்லாத இடங்களில் மேற்கூறிய 30 இலட்சம் ரூபாய்க் கடனே எடுத்துக்காட்டாகக் கொள்ளப்படுகிறது.

தவணையைக் கணக்கிடும் முறை

வீட்டுக் கடன் பொதுவாகச் சம மாதத் தவணைகளில் அடைக்கப்படுகிறது. பேச்சு வழக்கில் இது இ.எம்.ஐ. எனப்படும். கடன் தொகை க, மாத வட்டி வ, தவணைகளின் எண்ணிக்கை ந, (1 + வ) என்பதன் ந ஆம் அடுக்கு அ எனக் கொண்டால், மாதத் தவணை த பின்வருமாறு அமையும்:

த = க × வ × அ ÷ (அ − 1)

ஆண்டுக்கு 9 விழுக்காடு என்பது மாதத்துக்கு 0.75 விழுக்காடு. ஊர் வழக்கில் சொல்வதானால் இது நூற்றுக்கு முக்கால் ரூபாய் வட்டி. வ = 0.0075, ந = 240 எனில் அ ஏறத்தாழ 6.009 ஆகும், தவணை 26,992 ரூபாய் என வரும்.

இக்கணக்கில் வட்டி, ஒவ்வொரு மாதமும் மீதமுள்ள அசலுக்கு மட்டுமே கணிக்கப்படுகிறது. தொடக்கக் கடன் தொகைக்கே கடைசி மாதம் வரை வட்டி போடும் முறை வேறு. இருசக்கர வாகனக் கடன்களில் 'ஃபிளாட் வட்டி' என்ற பெயரில் அது பரவலாகக் காணப்படுகிறது. இரண்டு வீதங்களையும் அப்படியே ஒப்பிடுதல் தவறாகும். 20 ஆண்டுக் கடன் ஒன்றில் 5.8 விழுக்காடு ஃபிளாட் வட்டியும் குறையும் நிலுவைக்கான 9 விழுக்காடு வட்டியும் ஏறத்தாழ ஒரே தொகையையே தருகின்றன.

செலுத்தும் அசலை எப்போது வரவு வைக்கிறார்கள் என்பதும் கவனிக்கத்தக்கது. முற்காலத்தில் வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் சில, ஆண்டு முழுவதும் பெற்ற தவணைகளை ஆண்டு இறுதியில்தான் அசலில் கழித்தன. அம்முறையில் அதே 9 விழுக்காட்டுக்கு மாதத் தவணை 27,387 ரூபாய் ஆகிறது. வட்டி வீதம் மாறாமலே 20 ஆண்டுகளில் ஏறத்தாழ 95 ஆயிரம் ரூபாய் கூடுதலாகப் போகிறது.

தொடக்க ஆண்டுகளில் அசல்

முதல் தவணையான 26,992 ரூபாயில் 22,500 ரூபாய் வட்டிக்கும் 4,492 ரூபாய் மட்டும் அசலுக்கும் செல்கின்றன. முதல் ஆண்டில் செலுத்தப்படும் 3.24 இலட்சத்தில் அசலில் குறைவது 56 ஆயிரம் ரூபாய் அளவே. ஐந்து ஆண்டுகள் முடியும்போது 16.2 இலட்சம் செலுத்தியிருந்தாலும் 26.6 இலட்சம் பாக்கி இருக்கும். பத்தாம் ஆண்டின் முடிவில் செலுத்திய தொகை 32.4 இலட்சம், அதாவது வாங்கிய கடனை விடக் கூடுதல். ஆயினும் 21.3 இலட்சம் மீதமிருக்கும்.

தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முதன்முதலாக மிஞ்சுவது 149ஆம் தவணையில். கடனில் பாதி தீர 14 ஆண்டுகள் ஆகின்றன. ஆண்டறிக்கையைக் கண்டு, வங்கி பிழையாகக் கணக்கிட்டுவிட்டது என்று எண்ணுவோர் உண்டு. பெரும்பாலும் அது பிழையன்று, மேற்கண்ட சூத்திரத்தின் விளைவே.

கடன் காலத்தின் விளைவு

அதே கடனை வெவ்வேறு காலங்களுக்குப் பெற்றால் வரும் தொகைகள் (வட்டியும் மொத்தமும் இலட்சம் ரூபாயில்):

ஆண்டுகள் | மாதத் தவணை (ரூபாய்) | வட்டி | மொத்தம்
10 | 38,003 | 15.60 | 45.60
15 | 30,428 | 24.77 | 54.77
20 | 26,992 | 34.78 | 64.78
30 | 24,139 | 56.90 | 86.90

இருபது ஆண்டுகளை முப்பதாக நீட்டுவதால் தவணையில் குறைவது 2,853 ரூபாய். அதற்கு ஈடாகக் கூடும் வட்டி 22 இலட்சத்துக்கு மேல். காலத்தை எவ்வளவு நீட்டினாலும் தவணை 22,500 ரூபாய்க்குக் கீழ் இறங்காது. அது முதல் மாத வட்டியாகும். எனவே ஓர் எல்லைக்குப் பின்னர் காலநீட்டிப்பு தவணையைக் குறைப்பதில்லை, கடனை மட்டுமே நீட்டுகிறது.

மாறும் வட்டி

இந்தியாவில் வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில் வழங்கப்படுகின்றன. வட்டி உயரும்போது தவணையை உயர்த்தலாம், அல்லது தவணையை மாற்றாமல் காலத்தை நீட்டலாம். நிறுவனங்கள் நெடுங்காலம் இரண்டாம் வழியையே இயல்பாகக் கையாண்டன. வங்கிக் கணக்கிலிருந்து கழியும் தொகை மாறாததால் பலர் இதனை அறிவதே இல்லை.

எடுத்துக்காட்டுக் கடனின் வட்டி தொடக்கத்திலேயே 10 விழுக்காடாக உயர்வதாகக் கொள்ளலாம். தவணையை 28,951 ரூபாயாக உயர்த்தினால் கடன் அதே 20 ஆண்டுகளில் முடியும். மொத்தச் செலவு 4.7 இலட்சம் கூடும். தவணையை உயர்த்தாவிட்டால் 240 தவணைகள் 314 ஆகின்றன. மொத்தச் செலவு ஏறத்தாழ 20 இலட்சம் கூடும். மாதம் 1,959 ரூபாயைத் தவிர்ப்பதற்கான விலை 15 இலட்சம் ரூபாய். 38 வயதில் கடன் பெற்றவர் 58 வயதில் அன்றி 64 வயதில் கடனை முடிப்பார். அறுபது வயதில் ஓய்வு பெறும் ஊழியருக்கு இது எவ்வாறு இயலும் என்பது தனிக் கேள்வி. வட்டி 11 விழுக்காட்டை எட்டினால் முதல் மாத வட்டியே 27,500 ரூபாய். பழைய தவணை வட்டிக்கே போதாது. தவறாமல் செலுத்தி வந்தாலும் கடன் வளரும்.

இது வெறும் கற்பனைக் கணக்கு அன்று. இந்திய ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வீதத்தை 2022 மே மாதம் முதல் 2023 பெப்ரவரி வரை 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காடாக உயர்த்தியது. 2021ஆம் ஆண்டின் நடுவில் 7 விழுக்காட்டில் 20 ஆண்டுகளுக்கு 30 இலட்சம் பெற்ற ஒருவரின் தவணை 23,259 ரூபாய். அவர் 18 தவணைகள் செலுத்திய பின்னர் வட்டி ஒரேயடியாக 9.5 விழுக்காடு ஆனதாகக் கொண்டால், மாத வட்டி மட்டும் 22,887 ரூபாய். தவணை மாறாவிடில் எஞ்சிய கடன் தீர ஏறத்தாழ 44 ஆண்டுகள் தேவைப்படும். காலத்தை மாற்றாதிருக்க, தவணையை 27,700 ரூபாய் அளவுக்கு உயர்த்த வேண்டும்.

இந்நிலையை ஒட்டி ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டு மாதம் ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்பதைத் தேர்ந்தெடுக்கும் உரிமையைக் கடன் பெற்றவருக்கு அளிக்க வேண்டும், காலநீட்டிப்பால் தவணை வட்டிக்கே போதாத நிலை ஏற்படக் கூடாது என அது கூறுகிறது. மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கையைக் காட்டும் அறிக்கையைக் காலாண்டுதோறும் வழங்குவதும் கட்டாயமாக்கப்பட்டது. 2025ஆம் ஆண்டில் ரெப்போ வீதம் மீண்டும் குறைக்கப்பட்டது. ஆயினும் நீட்டப்பட்ட கடன் தானாகவே பழைய காலத்துக்கு முழுவதும் திரும்பும் என்று கொள்ளுதல் கூடாது.

பழைய கடனாளரும் புதிய கடனாளரும்

மாறும் வட்டிக்கு அடிப்படையாகும் வீதமும் பலமுறை மாற்றப்பட்டுள்ளது. 2010 சூலையில் அடிப்படை வீதமும், 2016 ஏப்ரலில் நிதித் திரட்டலின் இறுதிநிலைச் செலவைச் சார்ந்த வீதமும், 2019 அக்டோபரில் ரெப்போ போன்ற வெளி அளவுகோலும் வங்கிகளில் நடைமுறைக்கு வந்தன. பழைய கடன்கள் புதிய முறைக்குத் தாமாக மாற்றப்படவில்லை. இதனால் ஒரே வங்கியில், ஒரே தெருவில் உள்ள இரு வீடுகளுக்கு வெவ்வேறு வட்டி நிலவுவது உண்டு. பெரும்பாலும் பழைய வாடிக்கையாளரே கூடுதலாகச் செலுத்துகிறார். 2017ஆம் ஆண்டில் சனக் ராச் தலைமையிலான ரிசர்வ் வங்கியின் ஆய்வுக் குழு, வங்கிகள் தங்கள் உள் அளவுகோல்களைக் கணக்கிட்ட முறையில் குறைகளைக் கண்டு வெளி அளவுகோலைப் பரிந்துரைத்தது. வெளி அளவுகோல் விதி வங்கிகளுக்கு உரியது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களை அது கட்டுப்படுத்தவில்லை.

வட்டி தவிர்ந்த செலவுகள்

வீட்டின் மதிப்பு முழுமைக்கும் கடன் கிடைப்பதில்லை. 30 இலட்சம் வரையிலான கடனுக்கு மதிப்பில் 90 விழுக்காடும், 75 இலட்சம் வரை 80 விழுக்காடும், அதற்கு மேல் 75 விழுக்காடும் உச்ச வரம்புகளாகும். முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம் ஆகியன பொதுவாக இம்மதிப்பில் சேர்வதில்லை. தமிழ்நாட்டில் விற்பனைப் பத்திரத்துக்கு இவை முறையே 7, 2 விழுக்காடு. ஆகவே முன்பணத்தோடு இத்தொகையையும் கைப்பணமாகத் திரட்ட வேண்டும். அதற்கென நகைக் கடனோ தனிநபர் கடனோ பெற்றால் அதன் வட்டியும் வீட்டின் செலவே. கட்டி முடிக்கப்படாத அடுக்ககங்களுக்குச் சரக்கு மற்றும் சேவை வரியும் உண்டு.

கட்டுமானம் முடியும் வரை, விடுவிக்கப்பட்ட தொகைக்கு வட்டி மட்டும் செலுத்தும் ஏற்பாடு பரவலாக உள்ளது. 15 இலட்சம் விடுவிக்கப்பட்ட நிலையில் கட்டுமானம் இரண்டு ஆண்டுகள் தாமதமானால் 2.7 இலட்சம் ரூபாய் செலவாகும். அசலில் ஒரு ரூபாயும் குறையாது. இக்காலத்து வீட்டு வாடகை தனி.

கடனோடு ஒற்றைத் தவணை ஆயுள் காப்பீடு ஒன்றைச் சேர்த்து, அதன் கட்டணத்தையும் கடனில் ஏற்றுவது மற்றொரு வழக்கம். ஒரு இலட்சம் ரூபாய்க் காப்பீட்டுக் கட்டணம் 20 ஆண்டுகளில் 2.16 இலட்சமாகிறது. கடன் பெற்றவர் இறந்தால் குடும்பம் வீட்டை இழக்காதிருக்கக் காப்பீடு பயனுள்ளதுதான்; ஆனால் கடன் தருபவர் காட்டும் காப்பீட்டையே வாங்க வேண்டும் என்று சட்டம் கூறவில்லை. 2024 அக்டோபர் முதல் இத்தகைய கட்டணங்களையும் உள்ளடக்கிய ஆண்டு விழுக்காட்டு வீதத்தை, முக்கியத் தகவல் அறிக்கையில் காட்ட வேண்டும். இரு நிறுவனங்களை ஒப்பிட விளம்பர வட்டியை விட இவ்வீதமே பொருத்தமானது.

முன்கூட்டிச் செலுத்துதல்

முதல் ஆண்டின் இறுதியில் கூடுதலாக ஒரு இலட்சம் ரூபாய் செலுத்தி, தவணையை மாற்றாதிருந்தால் 19 தவணைகள் குறைகின்றன. அவற்றின் மதிப்பு 5.13 இலட்சம், மிச்சமாகும் வட்டி 4.13 இலட்சம். அதே ஒரு இலட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டின் இறுதியில் செலுத்தினால் மிச்சம் ஏறத்தாழ 54 ஆயிரம் மட்டுமே. மாறும் வட்டி வீட்டுக் கடன்களை முன்கூட்டித் தீர்ப்பதற்கு அபராதம் வசூலிக்கக் கூடாது என வங்கிகளுக்கு 2012 சூன் மாதம் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது. அதற்கு முன்னர், கடனைக் குறைந்த வட்டிக்கு வேறு வங்கிக்கு மாற்ற விரும்பியவர்களுக்கு இந்த அபராதமே பெருந்தடையாக இருந்தது.

வரிச் சலுகையும் பணவீக்கமும்

வரிச் சலுகை வட்டியை ஈடு செய்துவிடும் என்ற கருத்து மிகைப்பட்டதாகும். பழைய வரித் திட்டத்தில் சொந்தக் குடியிருப்பு வீட்டின் வட்டியில் ஆண்டுக்கு 2 இலட்சம் வரையே கழிவு உண்டு. 30 விழுக்காட்டு வரி அடுக்கில் உள்ளவருக்கும் இதனால் மிஞ்சுவது மேல்வரி நீங்கலாக 60 ஆயிரம் ரூபாய். எடுத்துக்காட்டுக் கடனின் முதல் ஆண்டு வட்டியோ 2.68 இலட்சம். 2023-24 முதல் இயல்புத் திட்டமாக உள்ள புதிய வரித் திட்டத்தில் இக்கழிவு இல்லை.

மறுபுறம், 64.78 இலட்சம் என்ற தொகையை இன்றைய ரூபாயாகக் கருதுவதும் சரியன்று. ஆண்டுக்கு 6 விழுக்காடு பணவீக்கம் நிலவினால் 240 தவணைகளின் இன்றைய மதிப்பு ஏறத்தாழ 37.7 இலட்சம்தான். ஊதியம் விலைவாசியோடு உயர்பவருக்குத் தவணையின் சுமை ஆண்டுதோறும் இலேசாகும். ஊதியம் உயராதவருக்கும் வேலை இழப்பவருக்கும் இவ்வாறுதல் பொருந்தாது. தவணை 90 நாட்களுக்கு மேல் நிலுவையானால் கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்படும். அதன் பின்னர், 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் அறிவிப்புக் கொடுத்து, நீதிமன்றத்தில் வழக்குத் தொடராமலே வீட்டைக் கையகப்படுத்தும் நடவடிக்கையைத் தொடங்கலாம்.

கடன் முடிவு

கடைசித் தவணையோடு எல்லாம் முடிந்துவிடுவதில்லை. ஒப்படைத்த மூல ஆவணங்களை 30 நாட்களுக்குள் திருப்பித் தர வேண்டும், தாமதத்துக்கு நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் விதியாகும். உரிமை ஆவண ஒப்படைப்பு பதிவு செய்யப்பட்டிருந்தால், கடன் தீர்ந்ததற்கான இரசீது ஆவணத்தையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்தல் வேண்டும். இதைச் செய்யாதவரை, தீர்ந்துபோன கடன் வில்லங்கச் சான்றிதழில் தொடர்ந்து இடம்பெறும்.