ஒரே மாத்திரையில் இரண்டு மருந்து: வலி மாத்திரை சாப்பிடுவோர் கவனத்துக்கு



ஜும்ஆ முடிந்து வெளியே வரும்போது சிலர் மாத்திரை அட்டையைக் காட்டி, "ஹஜ்ரத், இதில் போதைப் பொருள் இருக்கிறதாமே, சாப்பிடலாமா?" என்று நம்மிடம் கேட்பதுண்டு. மார்க்கத்தின் பதில் சுருக்கமானது. வலிக்காக, மருத்துவர் எழுதித் தந்த அளவில் உண்பது ஆகும். மயக்கத்துக்காக உண்பது ஹராம். ஆனால் அந்த மாத்திரைக்குள் என்ன இருக்கிறது என்பதைத்தான் நம் வீடுகளில் பலர் கேட்பதே இல்லை.

மூட்டு வலி, முதுகு வலி, அறுவை சிகிச்சைக்குப் பிந்திய வலி ஆகியவற்றுக்குத் தரப்படும் சில மாத்திரைகளில் இரண்டு மருந்துகள் சேர்ந்திருக்கும். ஒன்று, டைக்ளோஃபினாக், இபுபுரோஃபென், செலிகாக்சிப் போன்ற வீக்கம் குறைக்கும் மருந்து. மற்றொன்று, ட்ரமடால், கோடீன் போன்ற ஓபியாய்டு; அதாவது அபின் வகையைப் போல மூளையில் வேலை செய்வது. இரண்டும் வெவ்வேறு வழியில் வலியைத் தணிப்பதால் ஒவ்வொன்றையும் குறைந்த அளவில் கொடுத்தால் போதும் என்பதே சேர்ப்பதன் நோக்கம். அமெரிக்காவில் 2021ல் அனுமதி பெற்ற ஒரு மாத்திரையில் செலிகாக்சிப் 56 மில்லிகிராம், ட்ரமடால் 44 மில்லிகிராம் இருக்கின்றன. நோக்கம் நல்லதுதான். சிக்கல் வேறு இடத்தில் இருக்கிறது.

ஓபியாய்டுக்கு மூளை பழகிவிடும். முதல் வாரம் ஒரு மாத்திரையில் அடங்கிய வலி, பிறகு இரண்டு கேட்கும். இரண்டாவதை விழுங்கும்போது வீக்க மருந்தும் இரட்டிப்பாகிறது. அந்த மருந்துக்கு உடல் பழகாது; இரைப்பையின் உள்சுவரை அரிக்கும், சிறுநீரகத்துக்குப் போகும் இரத்தத்தைக் குறைக்கும். கணக்குப் போட்டுப் பாருங்கள். பிரிட்டனில் விற்கும் ஒரு மாத்திரையில் இபுபுரோஃபென் 200 மில்லிகிராமும் கோடீன் 12.8 மில்லிகிராமும் உண்டு. நாளுக்கு 6 மாத்திரை, அதுவும் 3 நாள் மட்டுமே என்பது அங்குள்ள வரம்பு. பழக்கத்தால் நாளுக்கு 30 விழுங்குபவர் வயிற்றில் 6,000 மில்லிகிராம் இபுபுரோஃபென் சேர்கிறது. வரம்பைப் போல ஐந்து மடங்கு. இப்படி நீண்ட நாள் உண்டவர்களுக்குக் குடல் சேதம், சிறுநீரகக் கோளாறு, பொட்டாசியம் ஆபத்தான அளவுக்குக் குறைதல், மரணம்கூட நேர்ந்திருப்பதாக ஐரோப்பிய மருந்து முகமை 2022ல் எச்சரித்தது. ஆஸ்திரேலியா 2018 பிப்ரவரி 1 முதல் கோடீன் கலந்த எந்த மருந்தையும் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாது என்றாக்கியது. நம் நாட்டிலும் 2018ல் ட்ரமடால் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கீழ் கொண்டுவரப்பட்டது. "பழைய சீட்டுதான், தெரிந்த மெடிக்கல்தான்" என்று வாங்கி வருவது சாதாரண விஷயமல்ல.

கேஸ் மாத்திரை போட்டுக்கொண்டால் போதும் என்ற எண்ணமும் நம் மக்களிடம் இருக்கிறது. அது வயிற்றுக்கு ஓரளவு காவல், சிறுநீரகத்துக்கு அல்ல.

எலும்பு மருத்துவர் தந்தது ஒன்று, பல் மருத்துவர் தந்தது ஒன்று. பெயர் வேறு, உள்ளே ஒரே மருந்து. அட்டையின் பின்புறமுள்ள சிறிய எழுத்தைப் பிள்ளைகளை விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். இரத்தம் உறையாமலிருக்க மருந்து, பிரஷர் மாத்திரை, நீர் மாத்திரை, மனநோய் மாத்திரை, தூக்க மாத்திரை, வலிப்பு மாத்திரை எது சாப்பிட்டாலும் மருத்துவரிடம் முதலிலேயே சொல்லிவிட வேண்டும். கர்ப்பிணிகளும் பாலூட்டும் தாய்மார்களும் கேட்காமல் தொடவே கூடாது. மலம் கறுப்பாகப் போனாலோ சிறுநீர் குறைந்தாலோ உடனே காட்டுங்கள். மாத்திரை சாப்பிட்டவரை எழுப்ப முடியவில்லை, மூச்சு மெதுவாக வருகிறது என்றால் தூங்கட்டும் என விடாமல் 108ஐ அழையுங்கள். வாரக்கணக்கில் சாப்பிட்டுவிட்டவர் திடீரென நிறுத்தினால் நடுக்கம், வியர்வை, தூக்கமின்மை வரும். மருத்துவர் சொல்படி படிப்படியாகக் குறைப்பதே வழி.

ரமலானில் ஒரு தவறு நடக்கிறது. பகலில் விட்டுப்போன வேளையையும் சேர்த்து இஃப்தாருக்கும் ஸஹருக்கும் இடையில் நெருக்கி விழுங்குகிறார்கள். உடலில் நீர் குறைந்திருக்கும் நாட்களில் வீக்க மருந்து சிறுநீரகத்தை இன்னும் எளிதில் தாக்கும். நோயாளிக்கு நோன்பை விட்டுப் பின்னர் களாச் செய்யவும், மீளாத நோயாளிக்கு ஃபித்யா கொடுக்கவும் அல்லாஹ் சலுகை தந்திருக்கும்போது இந்தச் சிரமம் எதற்கு?

உம்ராவுக்கும் வளைகுடாவுக்கும் போகிறவர்கள் இதைத் தனியாகக் கவனிக்க வேண்டும். ட்ரமடாலும் கோடீனும் அமீரகத்திலும் சவூதியிலும் கட்டுப்படுத்தப்பட்ட மருந்துகள். கொண்டு செல்ல முன்கூட்டியே ஆன்லைனில் அனுமதி பெற வேண்டும். 2017ல் எகிப்துக்கு 290 ட்ரமடால் மாத்திரைகளுடன் சென்ற பிரிட்டிஷ் பெண்ணுக்கு மூன்றாண்டு சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. தன் துணைவரின் முதுகு வலிக்காகக் கொண்டுவந்தேன் என்று அவர் சொன்னது எடுபடவில்லை. எனவே சொந்தத் தேவைக்கானதை மட்டும், அதன் அட்டையோடும் மருத்துவர் சீட்டோடும் அனுமதிக் கடிதத்தோடும் கைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். "அங்கே இருக்கும் என் மகனுக்கு இடுப்பு வலி, இதைக் கொடுத்துவிடுங்கள்" என்று ஊரில் யார் பொட்டலம் தந்தாலும், பிரித்துப் பார்க்காமல் வாங்க வேண்டாம்.