நான்காம் பிரிவின் சிலேடை

அண்டார்டிகாவிலிருந்து தென்னமெரிக்காவை நோக்கி நீளும் தீபகற்பத்தின் நுனியில் ஒரு சிறு விரிகுடா உள்ளது. ஆங்கிலத்தில் அதன் பெயர் ‘ஹோப்’. ஸ்பானிய மொழியில் ‘எஸ்பெரான்சா’. இரண்டுக்கும் நம்பிக்கை என்றே பொருள். 1903ஆம் ஆண்டின் குளிர்காலத்தைச் சுவீடன் நாட்டு ஆய்வுப் பயணத்தைச் சேர்ந்த மூவர் அங்கே கல்லடுக்கிய குடிலொன்றில் பென்குவின் இறைச்சியை உண்டு கழித்தனர். அப்பெயர் அவர்களால் வந்தது. பின்னர் அவர்களையும் அவர்தம் தோழர்களையும் மீட்டுச் சென்றது அர்ஜென்டினக் கடற்படையின் ‘உருகுவாய்’ என்னும் கப்பல்.

அதே கரையில் 1952 பிப்ரவரி 1ஆம் நாள் ஒரு பிரிட்டிஷ் குழு இறங்கியது. 1948இல் தீயில் அழிந்துபோன தங்கள் நிலையத்தை மறுபடி எழுப்புவது அதன் நோக்கம். அதற்குள் அர்ஜென்டினர் அருகிலேயே நிலையம் அமைத்திருந்தனர். இறங்கியவர்களின் தலைக்கு மேலாக இயந்திரத் துப்பாக்கி முழங்கிற்று. எவருக்கும் காயமில்லை. பால்க்லாந்துத் தீவுகளின் ஆளுநர் போர்க்கப்பலில் வீரர்களுடன் வந்து தம்மவரை மீண்டும் கரையேற்றினார். அர்ஜென்டினா வருத்தம் தெரிவித்தது. மறு ஆண்டே டிசெப்ஷன் தீவில் பிரிட்டன் தன் பங்குக்கு அர்ஜென்டின, சிலி நாட்டுக் குடில்களைப் பிரித்தெறிந்து, அர்ஜென்டினர் இருவரைக் கைது செய்து வெளியேற்றியது. மரமுமில்லை, ஊருமில்லை, உழுவதற்கு ஒரு பிடி மண்ணுமில்லை. ஆயினும் எல்லைச் சண்டைக்கு வேண்டிய யாவும் அங்கிருந்தன.

பிரிட்டன், நியூசிலாந்து, பிரான்ஸ், ஆஸ்திரேலியா, நார்வே, சிலி, அர்ஜென்டினா ஆகிய ஏழு நாடுகள் அக்கண்டத்தில் உரிமை கொண்டாடின. பிரிட்டன், சிலி, அர்ஜென்டினா ஆகிய மூன்றின் பகுதிகளும் தீபகற்பத்தில் ஒன்றின்மேல் ஒன்று படிந்து கிடந்தன. அமெரிக்காவும் சோவியத் நாடும் எவருடைய உரிமையையும் ஏற்கவில்லை. வேண்டியபோது தாங்களும் கேட்போம் என்று கதவைத் திறந்தே வைத்திருந்தன. 1957 ஜூலை முதல் 1958 டிசம்பர் வரை நடந்த பன்னாட்டுப் புவியியற்பியல் ஆண்டில் பன்னிரு நாடுகள் அங்கே ஆய்வு நிலையங்கள் அமைத்தன. அமெரிக்க நிலையம் தென்துருவப் புள்ளியிலேயே எழுந்தது. உரிமைக் கோடுகள் பலவும் வந்து குவியும் இடம் அது. சோவியத் நிலையங்களோ ஆஸ்திரேலியா தனதென்று சொன்ன பரப்பில் எழுந்தன. ஆய்வு முடிந்ததும் சோவியத் விஞ்ஞானிகள் மூட்டை கட்டிக்கொண்டு போய்விடுவார்கள் என்று கான்பெராவில் எவரும் நம்பவில்லை.

இந்தியா கேட்ட கேள்வி இக்காலத்திற்குரியது. 1956 பிப்ரவரியில் ஐக்கிய நாடுகள் அவையில் இந்தியப் பிரதிநிதியாக இருந்த ஆர்தர் லால், ‘அண்டார்டிகா பற்றிய பிரச்சினை’யைப் பொதுப்பேரவையின் நிகழ்ச்சி நிரலில் சேர்க்குமாறு கடிதம் கொடுத்தார். அக்கண்டம் முழுவதும் அமைதிப் பணிகளுக்கும் பொது நலனுக்கும் மட்டுமே பயன்பட வேண்டும் என்பதே கோரிக்கையின் சாரம். அணுகுண்டுச் சோதனைகள் பெருகிய காலம் அது. உலகின் தட்பவெப்பத்தோடு பிணைந்த அப்பனிப்பரப்பு சோதனைக் களமாகிவிடக் கூடாதே என்ற கவலை நியாயமானது. அர்ஜென்டினாவும் சிலியும் கடுமையாக எதிர்த்தன. இந்தியா கோரிக்கையைத் திரும்பப் பெற்றது. 1958இல் மீண்டும் எழுப்பி, மீண்டும் திரும்பப் பெற்றது. தோல்வி என்று இதனை ஒதுக்கிவிட முடியாது. விவகாரம் ஐ.நா. மன்றத்துக்குப் போய்விடும் என்ற அச்சம், அதற்கு முன் தமக்குள்ளேயே முடித்துக்கொள்ளும் அவசரத்தைப் பன்னிருவருக்கும் அளித்த காரணங்களுள் ஒன்று. அவர்கள் கூடிய அறையில் இந்தியாவுக்கு நாற்காலி இல்லை.

1958 மே மாதம் அமெரிக்க அதிபர் ஐசன்ஹோவர் மற்றப் பதினொரு நாடுகளுக்கும் அழைப்பு அனுப்பினார். வாஷிங்டனில் ஓராண்டுக்கு மேலாக மறைவாகப் பேச்சு நடந்தது. 1959 அக்டோபரில் மாநாடு கூடி, டிசம்பர் 1இல் உடன்படிக்கை கையெழுத்தாகி, 1961 ஜூன் 23 முதல் நடைமுறைக்கு வந்தது. தெற்கே 60 பாகைக்கு அப்பாற்பட்ட நிலமெல்லாம் அதற்குள் அடங்கும்.

அதன் உயிர்நிலை நான்காம் பிரிவு. ஏற்கெனவே உரிமை கொண்டாடியவர் எவரும் அதனைக் கைவிட்டதாக இவ்வுடன்படிக்கையைப் பொருள் கொள்ளலாகாது. உரிமை கோர அடிப்படை உடையவரின் அடிப்படை குறைந்ததாகவும் கொள்ளலாகாது. பிறர் உரிமையை ஏற்காதவரின் மறுப்பு தளர்ந்ததாகவும் கொள்ளலாகாது. இது நடைமுறையிலிருக்கும் காலத்தில் எவர் செய்யும் எச்செயலும் உரிமைக்கு ஆதாரமாகாது, மறுப்புக்கும் ஆதாரமாகாது, புதிய உரிமை கோரவும் இடமில்லை. அர்ஜென்டினர் இதனைப் படித்தால் தீபகற்பம் அவர்களுடையது. பிரிட்டிஷார் படித்தால் அவர்களுடையது. ரஷ்யர் படித்தால் எவருடையதுமன்று. ஒரே தொடருக்கு இரு பொருள் வைத்த காளமேகத்தைச் சிலேடைக்குப் போற்றுகிறோம். இங்கே மூன்று பொருள். அதுவும் ஆயுதம் தாங்கியவர்கள் அத்தனை பேரும் ஒப்பிய சிலேடை.

இதன் வித்து முன்பே ஊன்றப்பட்டிருந்தது. கண்டத்தைக் கூட்டாக ஆளலாம் என்று 1948இல் அமெரிக்கா முன்வைத்த யோசனை எடுபடாதபோது, சிலி நாட்டுச் சட்டப் பேராசிரியர் ஹூலியோ எஸ்குதேரோ, உரிமை வழக்குகளைச் சில ஆண்டுகளுக்கு அப்படியே நிறுத்தி வைக்கலாமே என்றார். வழக்கைத் தீர்க்காமல் உறையவைப்பது பனிக்கண்டத்துக்குப் பொருத்தமான யோசனைதான். பத்தாண்டு கழித்து அதுவே உருமாறி வந்தது.

படைத்தளங்களுக்குத் தடை, அணுவெடிப்புக்கும் அணுக்கழிவைக் கொட்டுவதற்கும் தடை, எந்த நிலையத்தையும் எப்போது வேண்டுமானாலும் சோதித்துப் பார்க்கும் உரிமை. அணுவெடிப்புத் தடையை மாநாட்டில் வலியுறுத்தியது, இந்தியாவின் கோரிக்கையை எதிர்த்த அதே அர்ஜென்டினா. பனிப்போர் உச்சத்தில் இருந்த 1964இல் அமெரிக்கப் பார்வையாளர்கள் சோவியத் நிலையங்களுக்குள் சென்று பார்த்து வந்தனர்.

1982இல் சிலேடைக்குச் சோதனை வந்தது. பால்க்லாந்துத் தீவுகளுக்காக அர்ஜென்டினாவும் பிரிட்டனும் போரிட்டன. அப்போரின் கடைசி நடவடிக்கை தெற்குத் தூலே தீவில் நிகழ்ந்தது; 60 பாகைக் கோட்டுக்குச் சற்றே வடக்கில் உள்ள தீவு அது. கோட்டைத் தாண்டிப் போர் போகவில்லை. அதே ஆண்டின் அண்டார்டிகக் கூட்டங்களில் இரு நாட்டாரும் ஒரே மேசையைச் சுற்றி அமர்ந்தனர்.

இனி வெளியே நின்றவர்கள். இந்தியாவின் முதற்குழு எஸ். இசட். காசிம் தலைமையில் 1981 டிசம்பரில் கோவாவிலிருந்து புறப்பட்டு, 1982 ஜனவரியில் பனியில் கால்வைத்தது. 1983 ஆகஸ்டில் இந்தியா உடன்படிக்கையில் சேர்ந்தது. செப்டம்பரில் வாக்குரிமையுள்ள உறுப்பினர் தகுதி பெற்றது. அவ்வாண்டின் இறுதியில் மலேசியா, இந்தியா ஒருகாலத்தில் எழுப்பிய அதே பிரச்சினையை ஐ.நா. மன்றத்துக்குக் கொண்டு சென்றது. ஒரு சில நாடுகளின் மன்றம் ஏன் ஒரு கண்டத்தை ஆள வேண்டும்? நிறவெறி அரசு நடத்தும் தென்னாப்பிரிக்காவுக்கு அங்கே என்ன இடம்? கேள்விகள் கூர்மையானவை. இந்தியா இப்போது உள்ளிருந்துகொண்டு உடன்படிக்கையின் பக்கம் பேசியது. நாற்காலி கிடைத்தபின் பார்வை மாறுவது உலகியல்புதான். ஆயினும் 1956இன் குரலை அறிந்தவர்க்கு இது சற்று உறுத்தவே செய்யும். மலேசியாவும் 2011இல் உடன்படிக்கையில் சேர்ந்துவிட்டது.

மலேசியாவின் ஐயம் வீணானதென்று சொல்வதற்கில்லை. அக்காலத்தில் உறுப்பு நாடுகள் சுரங்கம் தோண்டுவதற்கான விதிகளைப் பேசிக்கொண்டிருந்தன. 1988இல் வெலிங்டனில் அவை முடிவாயின. 1989 ஜனவரியில் அர்ஜென்டினக் கப்பல் ‘பாயியா பராயிசோ’ அங்கே பாறையில் மோதி ஆறு லட்சம் லிட்டர் அளவுக்கு எண்ணெயைக் கொட்டியது. அவ்வாண்டே ஆஸ்திரேலியாவும் பிரான்சும் வெலிங்டன் விதிகளை ஏற்க மறுத்தன. 1991 அக்டோபர் 4இல் மாட்ரிட் நகரில் கையெழுத்தான நெறிமுறை, ஆய்வு தவிர்ந்த கனிம வேலைகள் அனைத்தையும் தடைசெய்தது. 1998இல் நடைமுறைக்கு வந்தது. இத்தடை 2048இல் தானே காலாவதியாகும் என்று பலரும் எழுதுவது தவறு. அவ்வாண்டு முதல் மறுபரிசீலனை மாநாடு கோரும் வாய்ப்பு உண்டு; அவ்வளவே. எல்லோரும் ஒப்பினாலன்றி முடிவில்லை என்ற முறை சிறியவர்க்குக் காப்பு, முட்டுக்கட்டையும் அதுவே. 2024 மே மாதம் கொச்சியில் கூடிய 46ஆவது கூட்டத்தில் வாக்குரிமை வேண்டி நின்ற கனடாவும் பெலாரசும் வெறுங்கையுடன் திரும்பின.

எஸ்பெரான்சாவில் அர்ஜென்டின நிலையம் இன்றும் இருக்கிறது. 1978 ஜனவரியில் அங்கே ஓர் ஆண் குழந்தை பிறந்தது. அக்கண்டத்தின் பெருநிலத்தில் பிறந்ததாகப் பதிவான முதல் மனித உயிர் அது. உரிமையை நிலைநாட்டவே கருவுற்ற தாயை அர்ஜென்டினா அங்கே அனுப்பியது. நான்காம் பிரிவின்படி அப்பிறப்பால் யாருடைய உரிமையும் கூடவில்லை, குறையவில்லை. எந்த நிலையத்திற்காகத் துப்பாக்கி முழங்கியதோ அந்தப் பிரிட்டிஷ் நிலையத்தின் கட்டடம் பல்லாண்டு பூட்டிக் கிடந்தது. 1997 டிசம்பரில் பிரிட்டன் அதனை வேறொரு நாட்டுக்குக் கொடுத்துவிட்டது. பெற்றுக்கொண்ட நாடு உருகுவாய்.