மூடப்பட்ட பிரசங்க மேடைகள்

அமெரிக்காவில் பாஸ்டன் நகரை அடுத்த கேம்பிரிட்ஜில், 1838ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 15ஆம் நாள் மாலை, ஹார்வர்டு இறையியல் கல்லூரியில் எமர்சன் பேசினார். படிப்பை முடித்து வெளியேறவிருந்த ஒருசில மாணவருக்காக நிகழ்ந்த சொற்பொழிவு அது. இயேசுநாதரின் திருவுருவைப் போற்றுவதிலேயே ஆழ்ந்த திருச்சபை, அவர் கண்ட உண்மையை மறந்துவிட்டது; இறைவனின் வாக்கு பண்டைக் காலத்தோடு நின்றுவிடவில்லை; ஒவ்வோர் ஆன்மாவும் அவனை நேரே அறியக்கூடும் என்றார். இதன் பின் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் ஹார்வர்டு அவரைப் பேச அழைக்கவில்லை.

எமர்சன் என்றதும் அவர் கீதை பயின்றதையே நாம் பெருமையுடன் நினைவுகூர்கிறோம். அது மெய்யே, ஆயினும் அவரை அங்கு எதிர்த்தவர் யாவர் என்று நோக்கினால் வியப்பே மிகும். அவர்கள் பழைமைவாதிகள் அல்லர். யூனிட்டேரியன் என்ற தாராளச் சமயப் பிரிவினர். மனிதன் பிறவியிலேயே பாவி என்ற கால்வினியக் கோட்பாட்டையும் திரியேகக் கொள்கையையும் மறுத்து, மறைநூலைப் பகுத்தறிவால் ஆராய வேண்டும் என்றவர்கள். அவர்கள் கொள்கையை 1819இல் பால்டிமோரில் வில்லியம் எல்லரி சானிங் விளக்கியுரைத்தார். எனினும், விவிலியம் கூறும் அற்புதங்களே இயேசுநாதரின் அதிகாரத்துக்குச் சான்று என்பதை அவர்களிற் பெரும்பாலோர் விடவில்லை. அச்சான்று வேண்டா, உள்ளுணர்வே போதும் என்றார்கள் எமர்சனும் அவர் நண்பர்களும். இவர்களுடைய கொள்கைக்கு டிரான்ஸென்டென்டலிசம் என்று பெயர். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட எனக்கு இச்சொல் நெடுநாள் தொல்லை தந்ததுண்டு. 'கடந்தநிலைக் கொள்கை' என்றால் உலகைத் துறந்தவர் கொள்கை என்று பொருள்பட்டுவிடும். இவர்களோ உலகை விட்டு ஓடியவர் அல்லர். 'உள்ளொளிக் கொள்கை' என்பது ஓரளவு பொருந்தும்.

எமர்சன் 1832லேயே குருப்பணியைத் துறந்தவர். அவருக்கு இழப்புக் குறைவு. முழு விலையையும் கொடுத்தவர் தியோடர் பார்க்கர். லெக்சிங்டனில் உழவர் குடியில் 1810இல் பிறந்து, பன்மொழி கற்று, வெஸ்ட் ராக்ஸ்பரி என்னும் சிற்றூரில் குருவாக இருந்தார். கேம்பிரிட்ஜ்ச் சொற்பொழிவை நேரில் கேட்டவர்களுள் அவரும் ஒருவர். 1841 மே 19இல் தெற்குப் பாஸ்டனில் ஒரு குருப்பட்ட விழாவில் பிரசங்கித்தபோது, வடிவகணித உண்மைகள் யூக்ளிடின் அதிகாரத்தைச் சார்ந்து நிற்பன அல்ல. இயேசுநாதரின் போதனையும் அவ்வாறே தன் மெய்ம்மையால் நிற்பது. சடங்கும் கோட்பாடும் மாறிமறையும் என்றார்.

அக்காலத்தில் பாஸ்டன் குருமார் ஒருவர் ஆலயத்தில் மற்றொருவர் மாறி மாறிப் பிரசங்கிப்பது வழக்கம். விசாரணையுமின்றித் தீர்ப்புமின்றி, பார்க்கருடன் அவ்வாறு மேடை மாற்றிக்கொள்வதைப் பெரும்பாலோர் நிறுத்திவிட்டனர். ஒரு தலைமுறைக்கு முன் கால்வினியர் இதே முறையில் தங்களை ஒதுக்கியதை அவர்கள் மறந்தனர் போலும்! 1843 ஜனவரியில் குருமார் சங்கம் கூடி, அவரே விலகிக்கொள்வது நலம் என்று வற்புறுத்தியது. சமயக் கருத்தில் உரிமை வேண்டிப் போராடியவர்களின் சங்கத்திலிருந்து கருத்துக்காக விலகுவது எங்ஙனம் என்று கருதி அவர் மறுத்தார். கடுமொழிகளையெல்லாம் அசையாது கேட்டிருந்தவர், இறுதியில் ஒருவர் எழுந்து அவருடைய நேர்மையைப் புகழ்ந்தபோது கண்ணீர் பெருக வெளியேறினார்.

ஜேம்ஸ் ஃபிரீமன் கிளார்க் போன்ற ஒருசிலரே துணிந்து அவருக்கு இடமளித்தனர். அதனால் கிளார்க்கின் சபையிலிருந்து சில குடும்பங்கள் பிரிந்து சென்றன. ஆலயங்கள் மூடப்படவே, பார்க்கரின் அன்பர்கள் 1845 பிப்ரவரியில் மெலோடியன் என்னும் பொதுமண்டபத்தை வாடகைக்கு அமர்த்தினர். 1852இல் அதினும் பெரிய மியூசிக் ஹாலுக்கு மாறவேண்டியதாயிற்று. அங்கு ஆயிரக்கணக்கானோர் கூடினர்.

இதற்கிடையில், தப்பியோடிய அடிமைகளைப் பிடித்து உடையவரிடம் ஒப்படைக்கவேண்டும் என்னும் சட்டம் 1850இல் வந்தது. மனச்சான்றே மேலான சட்டம் என்று மேடையில் கூறிவந்த பார்க்கர், ஜார்ஜியாவிலிருந்து தப்பிவந்திருந்த எல்லன் கிராஃப்ட் என்ற பெண்ணைத் தம் வீட்டில் மறைத்துவைத்தார். அந்நாட்களில் அவர் கைத்துப்பாக்கியை மேசைமீது வைத்துக்கொண்டு பிரசங்கம் எழுதினார். பின்னர் எல்லனுக்கும் அவள் கணவர் வில்லியமுக்கும் சட்டமுறைப்படி மணம் செய்வித்து, இருவரையும் இங்கிலாந்துக்கு வழியனுப்பினார்.