சுவருக்கும் வயது உண்டு



'உங்களுக்குச் சொந்த ஊர் எது?' என்று கேட்பவர் ஊர்ப் பெயரோடு நிறுத்திக்கொள்வதில்லை; எந்தத் தெரு என்பதையும் தெரிந்துகொள்ளப் பார்க்கிறார். ஊர் வேறு, சேரி வேறு என்று பிரித்த சமூகத்தில், பிறந்த இடத்தை 'என் ஊர்' என்று சொல்வதே நமக்கு ஓர் உரிமைக் கோரிக்கைதான்.

பிள்ளைப் பருவத்து நிலம் என்றால் கண்மாய், ஆலமரம், திருவிழா என்று ஏங்கி எழுதுவது வழக்கம். நம் நினைவிலும் அவை உண்டு. ஆனால் எந்தப் படித்துறையில் இறங்கலாம், எந்தத் தெருவில் செருப்பைக் கழற்ற வேண்டும் என்பவையும் அவற்றோடு சேர்ந்தே பதிந்திருக்கின்றன. 1992இல் வெளிவந்த பாமாவின் 'கருக்கு', ஊரைச் சுற்றியுள்ள மலைகளின் அழகைச் சொல்லித் தொடங்குகிறது. பள்ளியும் தபால் நிலையமும் யார் பக்கம் இருந்தன என்பதையும் சொல்லிவிடுகிறது. இரண்டும் ஒரே குழந்தை பார்த்த ஊர்.

மதுரை மாவட்டம் எழுமலை அருகே உள்ள உத்தபுரத்தை எடுத்துக்கொள்வோம். 1989இல் நடந்த சாதி மோதலை அடுத்து, தலித் குடியிருப்பைப் பிரித்து அங்கே ஒரு சுவர் எழுந்தது. தொடர் போராட்டத்துக்குப் பின், 2008 மே 6 அன்று அரசு நிர்வாகம் அதன் ஒரு பகுதியை இடித்துப் பாதை திறந்தது. இடையில் 19 ஆண்டுகள். சுவர் எழுந்த ஆண்டில் பிறந்த குழந்தை, சுவர் இல்லாத ஊரைப் பார்க்காமலே வளர்ந்து ஆளானது. அதற்கு அந்தச் சுவரும் மேற்கே தெரியும் மலையைப் போன்றதுதான்: எப்போதும் அங்கே இருப்பது. சாதி இப்படித்தான் நிலத்தோடு நிலமாகிவிடுகிறது.

மறுபக்கத்தையும் பாருங்கள். சுவரை இடித்ததற்கு எதிர்ப்புத் தெரிவித்து, ஆதிக்க சாதியினர் பலர் வீடுகளைப் பூட்டிவிட்டு மலையடிவாரத்தில் போய்த் தங்கினார்கள். வீடும் வயலும் அப்படியே இருந்தன. ஒரு பாதைதான் புதிதாக வந்தது. அவர்கள் மனதில் இருந்த 'சொந்த ஊர்' அந்தச் சுவரையும் சேர்த்ததுதான் என்பதை அது காட்டிவிட்டது.

ஆகவே, மாணவத் தோழர்களுக்கு ஒரு வேலை இருக்கிறது. உங்கள் ஊருக்குப் போய்ப் பெரியவர்களிடம் கேளுங்கள். இந்த வேலி எந்த ஆண்டு வந்தது? இந்தப் பாதை எப்போது அடைபட்டது? அதற்கு முன் எந்த வழியாக நடந்தீர்கள்? சொல்வதைத் தேதியோடு எழுதி வையுங்கள். மலைக்கு நாம் வயது கேட்பதில்லை. சுவருக்குக் கேட்க வேண்டும். கட்டிய ஆண்டு தெரிந்தால், கட்டியவர்கள் யார் என்ற கேள்வியும் கூடவே வரும்.