ஆவாரையும் தேயிலையும்

பதுளையிலிருந்து நமுனுகுல மலையை நோக்கிச் செல்லும் வழியில் ஸ்பிரிங்வெளித் தோட்டம் அமைந்துள்ளது. அங்கும் ஊவாவின் ஏனைய தோட்டங்களிலும் வாழும் தமிழ் மக்களின் முன்னோர் பெரும்பாலும் திருச்சிராப்பள்ளி, மதுரை, இராமநாதபுரம், புதுக்கோட்டை, சேலம் முதலிய சீமைகளிலிருந்து வந்தவர்கள். அச்சீமைகளின் கரடுகளிலும் பாறைச் சரிவுகளிலும் எவரும் நடாமலும் நீர் ஊற்றாமலும் பொன்னிறமாய்ப் பூத்து நிற்கும் செடி ஆவாரை.

சங்கப் புலவர்கள் இதனை ஆவிரை என்றனர். கபிலரின் குறிஞ்சிப்பாட்டில் வரும் நீண்ட மலர் வரிசையில் இதற்கும் இடமுண்டு. காதல் கைகூடாத தலைவன் பனைமடற் குதிரையேறி ஊர் மன்றத்துக்கு வரும்போது எருக்கோடு சூடிக்கொள்வதும் இப்பூவே. செல்வர் மாளிகைப் பூ அன்று இது. நாணத்தைத் துறந்தவனுக்கும் காடுமேட்டில் திரிபவனுக்கும் எளிதில் கிடைத்த பூ. இலைக்காம்பின் அடியில் காது போன்ற சிற்றிலைகள் இருப்பதனால், 1753இல் லின்னேயஸ் இதற்குக் 'காதுடையது' எனப் பொருள்படும் இலத்தீன் பெயரை இட்டார். இதன் பட்டையைக் கொண்டே தென்னாட்டார் நெடுங்காலம் தோல் பதனிட்டனர். பிற்காலத்தில் ஆஸ்திரேலிய வாட்டில் மரத்தின் பட்டை அவ்விடத்தைப் பெரிதும் பிடித்துக்கொண்டது.

'ஆவாரை பூத்திருக்கச் சாவாரைக் கண்டதுண்டோ' என்பது பழமொழி. நோய்க்கு மருந்தாகும் செடியென்ற அளவில் வைத்தியர்கள் அதனைப் பெருமையாகவே சொல்லுவர். ஆனால் 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவை வாட்டிய தாது வருடப் பஞ்சத்தில் இலட்சக்கணக்கானோர் மாண்டனர். மழையின்றி நெல்லும் கம்பும் கருகின. வறட்சியைத் தாங்க வல்லது ஆவாரை; அதன் பூவையும் இலையையும் கொண்டு ஒரு குடும்பம் பசியாற முடியுமா?

கோப்பித் தோட்டங்களுக்கு ஆட்களை அழைத்துவரும் வழக்கம் அதற்கு அரை நூற்றாண்டுக்கு முன்பே தொடங்கிவிட்டது. பஞ்சமோ கங்காணிமாரின் வேலையை மேலும் எளிதாக்கியது. வந்தவர்கள் பாக்குநீரிணையைத் தோணியிற் கடந்து மன்னார்க் கரையில் இறங்கி, வறண்ட காடுகளினூடே மாத்தளை நோக்கி நடந்தனர். வழியில் காய்ச்சலாலும் வாந்திபேதியாலும் வீழ்ந்தவர் பலர். புறப்பட்ட கரையில் வளர்ந்த ஆவாரை இறங்கிய கரையிலும் வளர்ந்தது. இலங்கையின் வறண்ட பகுதிகளுக்கும் அது உரிய செடிதான். மாத்தளைக்கு அப்பால் குளிர்ந்த மலையேற்றம் தொடங்கிய பின்னரே அது பின்தங்கியது.

அவர்கள் நாடிவந்த கோப்பியும் நிலைக்கவில்லை. 1869இல் ஊவாவைச் சேர்ந்த மடுல்சீமையிலே முதன்முதல் காணப்பட்ட இலைநோய், இருபது ஆண்டுகளுக்குள் கோப்பித் தொழிலையே அழித்தது. 1867இல் லூல்கந்துரையில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் பயிரிட்ட தேயிலை அவ்விடத்துக்கு வந்தது. கோப்பிப் பழம் பறித்த கைகள் கொழுந்து கிள்ளப் பழகின.

ஆவாரைக்கும் தேயிலையென்று ஒரு பெயர் உண்டு என்பது பலர் அறியாதது. சிங்கள மக்கள் இதனை ரணவரா என்பர். உலர்த்திய இலையையும் பூவையும் கொதிக்கவைத்து, வெல்லத்தைக் கடித்துக்கொண்டு பருகுவர். இதனால் ஆங்கிலேயர் இச்செடியை 'மாத்தறைத் தேயிலை' என்றனர். அதற்கு ஆலையும் வேண்டாம், துரையும் வேண்டாம், பேர்ச்சீட்டும் வேண்டாம். ஏலத்தில் விலைபோகாத தேயிலை அது. ஆகவே அதற்கெனக் காடு வெட்டப்படவும் இல்லை, ஆள் கட்டப்படவும் இல்லை.

1964ஆம் ஆண்டின் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்துக்குப் பின்னர், தோட்டத் தமிழரில் பல இலட்சம் பேர் இந்தியாவுக்கு அனுப்பப்பட்டனர். பாட்டன்மார் நடந்துவந்த காடுகளினூடே அவர்களை ஏற்றிய புகையிரதம் தலைமன்னாருக்குச் சென்றது. அங்கிருந்து கப்பல் இராமேசுவரத்துக்கு. பின்னர் மண்டபம் முகாம். முகாமைச் சூழ்ந்த இராமநாதபுரச் சீமையில் ஆவாரை முன்போலவே பூத்தது. வந்தவர்களோ இலங்கையிற் பிறந்து கொழுந்தெடுப்பதைத் தவிர வேறு தொழில் அறியாதவர்கள். அவர்களிற் பலருக்காக 1968இல் தமிழ்நாட்டு அரசு நீலகிரி மலையில் புதிதாகத் தேயிலை நடத் தொடங்கியது.